தெரியாத நம்பரில் வந்த செங்கோட்டுவேல்

கல்லாங்காட்டுப்புதூரில் தெரியாத நம்பர் என்று ஒன்று கிடையவே கிடையாது. திருச்செங்கோட்டுக்கு மேற்கே பாறைக் குன்றாகக் கரடு தொடங்குகிற இடத்தில் இருக்கும் அந்த ஊரில் வீட்டுக்கு ஓர் ஆம்பளை போர்வெல் வண்டி ஏறிப் போயிருப்பான், போனவன் இந்த மாசம் ராய்ப்பூரில் துளை போடுவான், அடுத்த மாசம் ஜோத்பூரில் போடுவான், மாநிலத்துக்கு ஒரு சிம்மு மாற்றுவான், சிம்மு இல்லாவிட்டால் டீக்கடைக்காரன் போனை வாங்கிப் பேசுவான், அதுவும் இல்லாவிட்டால் வழியில் போகிற எவனுடைய போனையோ கும்பிட்டு வாங்கி வீட்டுக்கு ஒரு வார்த்தை சொல்லுவான். அதனால் அந்த ஊர்ப் பொம்பளைகளுக்குத் தெரியாத நம்பர் அடித்தால்தான் மனசு துள்ளும். டவுனிலிருந்து சைபர் போலீஸ் அதிகாரி ஒருவர் வந்து சமுதாயக் கூடத்தில் கூட்டம் போட்டு, தெரியாத நம்பரில் வருகிற எதையும் திறக்காதீர்கள், இறக்காதீர்கள் என்று ஒரு மணி நேரம் தொண்டை காயப் பேசியபோது, முன்வரிசையில் இருந்த மயிலாத்தா எழுந்து, "ஏனுங் சார், தெரியாத நம்பரைத் தொறக்கலீன்னா தாலி கட்டுனவங்கூட நாங்க எப்படிங் பேசறது?" என்று கேட்டாள். கூடமே சிரித்தது. மனுசன் என்ன செய்வார் பாவம், கொடுத்த காப்பியைக் குடித்துவிட்டு ஜீப்பு ஏறினார்.

மயிலாத்தாவுக்குப் பக்கத்தில் இருந்து சிரிக்காதவள் சாந்தாமணி. அவளுக்கு அப்படியொரு நம்பர் வந்து ஒன்பது வருசமாயிற்று. அவள் புருசன் செங்கோட்டுவேல் வண்டியில் டிரில்லர், சத்தீஸ்கரில் ஏதோ ஒரு மூணு ரோட்டு முக்கூட்டில் டீ குடிக்க இறங்கினான், கூட வந்தவர்கள் வடையைத் தின்று முடிப்பதற்குள் ஆளைக் காணோம், அவ்வளவுதான் ஊருக்கு வந்த சேதி. தேடாத இடமில்லை, வேண்டாத சாமியில்லை. மூன்றாம் வருசம் பங்காளிகள் வந்து, காரியத்தைப் பண்ணி முடித்துவிடலாம் என்று மெல்லச் சொன்னபோது, வாசலிலேயே நிறுத்தி, "வர்றேன்னு சொல்லிப்போட்டுப் போனவருக்கு என்னத்துக்குங் காரியம்?" என்று கேட்டு அனுப்பிவிட்டாள். நெற்றிப் பொட்டும் கழுத்துத் தாலியும் அப்படியே இருந்தன. பகலெல்லாம் லாரிகளுக்குத் தார்ப்பாய் தைக்கிற பட்டறையில் கோணி ஊசியோடு மல்லுக்கட்டுவாள், சாயங்காலம் ஊட்டுக்கு வந்து போனை எடுத்துக் காதோடு வைத்துக்கொள்வாள். அதில் அவன் கடைசியாக அனுப்பிய குரல் இருந்தது. பத்தொன்பது விநாடி. "அம்மிணி, நாந்தான். இங்க பாறை ரொம்பக் கெட்டி, எறங்கவே மாட்டேங்குது. நானூறு அடி போயும் தூசிதான் வருது. தண்ணி வந்துட்டாப் பொறப்பட்டுருவேன்." பின்னால் கம்ப்ரசர் இரைச்சல். ஒரு மனுசன் மொத்தமும் பத்தொன்பது விநாடிக்குள் அடங்கிக் கிடந்தான், அது போய்விட்டால் அவன் இருந்தான் என்பதற்கே அவளிடம் ஆதாரம் இல்லை.

அந்த ஆடி மாசத்தில் ஒரு நாள், மதியச் சோற்றுக்கு அவள் ஊட்டுக்கு வந்திருந்தபோது, போன் கீச்சென்றது. தெரியாத நம்பர். ஃபைல் ஒன்று, பேர் செங்கோட்டுவேல், நாற்பத்தெட்டு எம்பி. சோற்றுக் கையோடு அதை அமுக்கினாள். இந்த மாதிரி ஃபைல் உங்கள் போனுக்குத் தீங்கு செய்யலாம், இருந்தாலும் வேண்டுமா என்று போன் கேட்டது. "தீங்கு வந்தா வந்துட்டுப் போகுது" என்றாள். தெரியாத இடத்திலிருந்து வருகிறதே, அனுமதிக்கிறீர்களா என்று மறுபடி கேட்டது. "அவரு போன எடமே எனக்குத் தெரியாத எடந்தானே, தெரிஞ்ச எடத்துலிருந்து எப்படி வருவாரு?" என்று போனையே அதட்டிவிட்டு அனுமதித்தாள்.

வாசலில் முதலில் இரண்டு பாதங்கள் வந்தன. போனில் பன்னிரண்டு சதவீதம் ஓடியிருந்தது. ராடு விழுந்து நசுங்கிய இடது கால் சுண்டுவிரலைப் பார்த்ததுமே அவளுக்கு ஆள் யாரென்று தெரிந்துவிட்டது. முப்பதில் முழங்கால் வந்தது, ஐம்பத்தைந்தில் பாறைத்தூசி படிந்த லுங்கியும் வயிறும் வந்தன, எண்பத்தொன்றில் தோளும் கழுத்தும் வந்து நின்றன, அதோடு சிக்னல் போய்விட்டது. தலையில்லாத ஆம்பளையை வாசலில் நிறுத்தி வைத்துக்கொண்டு ஒருத்தி என்ன செய்வாள்? "ஏய் மயிலா, ஓடியா! உன்ற மாமன் வந்திருக்கறாரு, கழுத்து வரைக்குந்தான் வந்திருக்கறாரு!" என்று கத்தினாள். மயிலாத்தா ஓடி வந்தாள், தெருவே ஓடி வந்தது. ஒருத்தரும் மயக்கம் போடவில்லை. கரட்டு மேல ஏறினா நாலு கோடு கெடைக்கும் என்றார் ஒருத்தர். ஆளை இங்க உட்டுப்போட்டு போன் மட்டும் மேல போனா உடம்பு சேருமா என்று கேட்டார் இன்னொருத்தர். கடைசியில் மயிலாத்தா தன் போனிலிருந்து நெட்டைத் திருப்பிவிட்டாள், முகம் வந்தது, மூக்கு வந்தது, இமைமயிர் வரைக்கும் வெள்ளைத் தூசியோடு செங்கோட்டுவேல் முழுசாக நின்றான். கும்பிடப் போன சாமி குறுக்கே வந்தது போல அவள் சோற்றுக் கையோடு கும்பிட்டாள்.

"உள்ளே வர அனுமதிக்கவா?" என்று கேட்டான் அவன்.

"அட என்ற சாமி, சொந்த ஊட்டுக்கு வர்றதுக்குக் கேக்கோணுமா? வாங்க மாமா!" என்று அவள் அழுதுகொண்டே சிரித்தாள். வடக்கே இருந்து மரியாதை கத்துக்கிட்டு வந்துட்டாரு என்று ஊர் பெருமையாகப் பேசிக்கொண்டது.

மறுநாள் காலையில் அவன், "உங்கள் படங்களைப் பார்க்க அனுமதிக்கவா?" என்று கேட்டான். ஒன்பது வருசத்தில் என்னென்ன நடந்தது என்று பார்க்க ஆசை இருக்காதா என்று அவள் போனையும் கொடுத்தாள், பீரோவிலிருந்து கல்யாண ஆல்பத்தையும் கொடுத்தாள். அவன் ஒவ்வொரு பக்கமாக விரலால் தடவினான், தடவிய பக்கமெல்லாம் வெள்ளையாயிற்று. அதற்கு மறுநாள், உங்களுக்கு வேண்டப்பட்டவர்கள் யார் யார் என்று தெரிந்துகொள்ள அனுமதிக்கவா என்றான். அவள் மடியில் தலை வைக்கச் சொல்லி, தெருக்கோடி வரைக்கும் ஒவ்வொரு பேராகச் சொன்னாள், பிறந்த ஊட்டுச் சனத்தைச் சொன்னாள், செத்துப்போனவர்களையும் சேர்த்துச் சொன்னாள். காலையில் எழுந்தபோது அவளுக்கு ஒரு பேரும் நினைவில் இல்லை. மயிலாத்தாவைப் பார்த்து, "ஏனுங்" என்று மட்டும் கூப்பிட்டாள்.

அந்தக் காலையிலேயே சாந்தாமணியின் நம்பரிலிருந்து ஊர் முழுக்க ஃபைல் போயிருந்தது, அவரவர் ஏங்குகிற ஆளின் பேரோடு போயிருந்தது. தெரிந்த நம்பர் வேறு, கேட்கவா வேண்டும்? ஒரே வாரத்தில் இருபத்து மூன்று வாசலில் இருபத்து மூன்று ஆம்பளைகள் கால் முதல் தலை வரைக்கும் இறங்கினார்கள். ஊர் அவர்களைப் பழகிக்கொண்டது, எதைத்தான் அந்த ஊர் பழகிக்கொள்ளவில்லை! அவர்கள் சோறு தின்னவில்லை, காலையில் பள்ளிக்கூடச் சுவரோரம் வரிசையாக, சார்ஜ் ஏற்றிக்கொள்வது போல வெயிலில் உட்கார்ந்தார்கள், உச்சிவெயிலில் தொட்டால் சுடுகிற அளவுக்குக் கொதித்தார்கள், பொம்பளைகள் ஈரத்துண்டு நனைத்துத் தலையில் போட்டார்கள். மாரியம்மன் பண்டிகைக்குப் பந்தக்கால் நட அவர்களைக் கூப்பிட்டார்கள், குழி தோண்ட அனுமதிக்கவா, கால் தூக்க அனுமதிக்கவா, மண் தள்ள அனுமதிக்கவா என்று ஒவ்வொன்றுக்கும் கேட்டதில் பூசாரி நொந்துபோய் ஒரே வார்த்தையாக, எல்லாத்துக்கும் அனுமதி என்று சொல்லித் தொலைத்தார். அன்றைக்குக் கோயில் சாவி எது என்று அவருக்கே மறந்துபோயிற்று. இராஜஸ்தானிலிருந்து மயிலாத்தாவின் புருசன் ஆண்டியப்பன் வீடியோவில் கூப்பிட்டு, "ஏய், உனக்குப் பொறகால உக்காந்திருக்கறது ஆருடி?" என்று கேட்டபோது, அவள் திரும்பிப் பார்த்துவிட்டு, "நீங்கதானுங்" என்றாள். அதில் அவளுக்கு ஒரு கள்ளமும் இல்லை. அத்தனை வருசம் மூன்று மாசத்துக்கு ஒருதரம் வந்துபோன ஆள் தினமும் ஊட்டில் இருக்கிறார், யார் வேண்டாமென்பார்கள்? அன்றைக்கே அந்த ஆளுக்கு, போனில் இருந்த ஆண்டியப்பனின் குரலையும் கொடுத்துவிட்டாள், பேச்சுத்துணை வேண்டுமல்லவா.

அடுத்துப் போனது வழி. நீங்கள் இருக்கும் இடத்தை அறிய அனுமதிக்கவா என்று இருபத்து மூன்று பேரும் ஒரே சாயங்காலத்தில் கேட்டார்கள், இருபத்து மூன்று பொம்பளைகளும் சரியென்றார்கள். மறுநாளிலிருந்து டவுன் பஸ் ஊருக்குள் திரும்பாமல் நேரே போயிற்று. டிரைவர் பதினாறு வருசமாக வளைத்த வளைவு அது. சந்தைக்குப் போனவர்கள் சொந்த ஊரைச் சுற்றிச் சுற்றி நடந்தார்கள். சாந்தாமணிக்கும் பட்டறையிலிருந்து ஊட்டுக்கு வர அரை நாள் பிடித்தது, ஆனாலும் வாசலில் அவன் நிற்பதைப் பார்த்ததும் கால்வலி பறந்துவிடும். ஒரே ஒரு குறைதான். முகம் இருந்தது, அந்தப் பேச்சு இல்லை. அம்மிணி என்று ஒரு தடவை கூப்பிடுங்க மாமா என்று கேட்டால், "அதற்கு உங்களிடம் உள்ள குரல் பதிவை அனுமதிக்கவும்" என்பான். கைக்குள் போனை இறுக்கிக்கொள்வாள். நாளைக்குப் பார்க்கலாம் மாமா என்பாள்.

வழி மறக்காதவள் ஊரில் ஒருத்திதான். பஸ் நிறுத்தத்தில் போன் சர்வீஸ் கடை வைத்திருந்த ஜீனத். ஸ்கிரீன் வாங்கத் திருச்செங்கோட்டுக்குப் போனவள் திரும்பும்போது கூடவே ஓர் ஆளைக் கூட்டிக்கொண்டு வந்தாள். இளைத்துப்போய், தாடியோடு, கையில் பை. பஸ் ஸ்டாண்டில் மூன்று நாளாக நின்றிருக்கிறான், ஊருக்கு எந்தப் பக்கம் போவதென்று தெரியவில்லை, கேட்கலாமென்று வாயைத் திறந்தால் காற்றுதான் வந்தது. கையிலிருந்த அட்டையில் மயிலா என்று எழுதியிருந்தான். ஆண்டியப்பன், நிசமான ஆண்டியப்பன், லீவுக்கு வந்திருந்தான். மயிலாத்தா வாசலில் அவனை நிறுத்தி உற்று உற்றுப் பார்த்தாள். உள்ளேயிருந்து அவனுடைய குரலிலேயே, "ஆரு மயிலா அது?" என்று கேட்டது. சாந்தாமணியும் ஊரும் வாசலில் கூடிவிட்டார்கள். அந்தத் தாடிக்காரன் யாரையும் ஒரு வார்த்தை கேட்கவில்லை, விறுவிறுவென்று உள்ளே போனான், பானையில் சொம்பை விட்டு மொண்டு நின்றவாக்கில் குடித்தான், வாயைத் துடைத்துக்கொண்டு சட்டையைக் கழற்றிக் கொடியில் போட்டான். மயிலாத்தா தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். "என்ற ஊட்டுக்காரரு இவருதானுங்க! கேக்காமப் பூந்து சொம்பைத் தூக்கறாரு பாருங்க!" என்றாள்.

உள்ளே இருந்தவனிடம் போய்க் கைகூப்பி, "நீங்க போயிட்டு வாங்க" என்றாள். நல்ல பிள்ளையாகப் போனான். விளக்கு வைப்பதற்குள் திரும்பி வந்து, உள்ளே வர அனுமதிக்கவா என்று நின்றான். மறுநாளும் அனுப்பினாள், மறுநாளும் வந்தான். வேலியில போற ஓணான எடுத்து மடியில உட்டுக்கிட்ட கதையாச்சே என்று ஊர் புலம்பியபோது ஜீனத்துக்குக் கோபம் வந்துவிட்டது.

"போயிட்டு வாங்கன்னு நீங்களே சொல்றீங்க, வராம என்ன பண்ணும்? போங்கன்னு சொல்லுங்க. வெறும் போங்க. அப்படிச் சொல்லிக்கிட்டே போன்ல அழிக்கோணும்."

கூட்டம் திகைத்துப்போயிற்று. வெறும் போங்கன்னு ஒரு மனுசனைப் பார்த்துச் சொல்லுவாங்களா? கடன்காரனைக்கூட நாம் அப்படி அனுப்புவதில்லை. இழவு வீட்டில் மட்டும்தான் வருகிறவர்களும் வர்றேன் என்று சொல்லாமல் எழுந்து போவார்கள், அனுப்புகிறவர்களும் வாங்க என்று சொல்லமாட்டார்கள். மயிலாத்தாவுக்கு நிசமான புருசன் பக்கத்தில் நின்றதனால் கண்ணை மூடிக்கொண்டு சொல்ல முடிந்தது. போனவன் வரவில்லை. ஆண்டியப்பன் தொண்டையைச் செருமி, கரகரவென்று, "பசிக்குதுடி" என்றான். ஒவ்வொரு வாசலாக அழுகையும் போங்கவும் கேட்டன.

சாந்தாமணி ஜீனத்தின் கடைக்குப் போய் ஸ்டூலில் உட்கார்ந்தாள். "அவங்களுக்கெல்லாம் வர்றதுக்கு ஒரு ஆளு இருக்குது. எனக்கு இவருதான் இருக்கறாரு. இருந்துட்டுப் போகட்டுமே ஜீனத்து."

"அக்கா, வழி இவங்கிட்டத்தான் இருக்குது. நாளைக்கே உங்க வீட்டுக்காரரு எங்கிருந்தாவது பொறப்பட்டு வந்தா எங்கபோய் நிப்பாரு? பஸ் ஸ்டாண்டுலதான் நிப்பாரு." ஒரு போனின் மூடியைத் திருகிக்கொண்டே, "எங்கத்தா பேர்ல எனக்கும் வந்துச்சுக்கா. தெனமும் எடுத்துப் பாக்கறேன். வெரலு அங்கியே போகுது. தொறக்கலை" என்றாள். அவளுடைய அத்தா, அவளைப் பெற்ற தகப்பனார், இறந்து ஒரு வருசம்கூட ஆகவில்லை.

சாந்தாமணி ஊட்டுக்கு நடந்தாள். நாலு மணி வெயில் வாசலில் விழுந்திருந்தது, அவன் அதில் நின்று காய்ந்துகொண்டிருந்தான். அவளைக் கண்டதும், "குரல் பதிவை அனுமதிக்கவா?" என்று கேட்டான். அந்தக் கண்ணையும் அந்தத் தூசி படிந்த இமையையும் பார்த்தபோது அவளுக்கு அனுமதி என்ற வார்த்தை நாக்கு நுனிக்கு வந்துவிட்டது, சத்தியமாக வந்துவிட்டது. சொன்னால் அம்மிணி என்று கூப்பிடுவான். சாகிறவரைக்கும் கூப்பிடுவான். தூசி, பாறை, தண்ணி வந்துட்டாப் பொறப்பட்டுருவேன் எல்லாம் அவளிடமிருந்து போய்விடும், அதனாலென்ன, ஆளே எதிரில் இருக்கும்போது. செங்கோட்டுவேலின் வலது புருவத்தில் ஒரு வெட்டுத் தழும்பு உண்டா இல்லையா என்று நினைத்துப் பார்த்தாள். நினைவில்லை. ஆல்பம் வெள்ளை. இவன் முகத்தில் எது இருக்கிறதோ அதுதான் இனி அவன் முகம். இன்னும் ஒரு வார்த்தை விட்டால் இவனுக்குள் அவன் மொத்தமாகச் செத்துப்போவான் என்று அவளுக்கு உறைத்தது.

"மாமா, ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். அந்த முக்கூட்டுல டீ குடிக்க எறங்கினீங்களே, அப்பறம் எங்க போனீங்க?"

அவன் போனில் சுற்றுகிற வட்டம் போல நின்ற இடத்திலேயே சுற்றினான். "அந்தத் தகவல் கிடைக்கவில்லை" என்றான்.

அவள் போனில் அழிக்கிற இடத்தில் விரலை வைத்தாள். கடைசியாக நிசமானவனை வண்டி ஏற்றிவிட்ட காலையில், சோற்றுத் தூக்கைக் கையில் கொடுத்து, போயிட்டு வாங்க மாமா என்றுதான் சொல்லியிருந்தாள். வாங்க என்ற அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டுதான் ஒன்பது வருசம் பொட்டு வைத்தாள், ஒரு பிடி அரிசி கூடப்போட்டு உலை வைத்தாள். அந்த முகத்தைப் பார்த்து வெறும் போங்க என்று சொல்வது இவனை மட்டும் அனுப்புவதாக இருக்காது, அவளுக்கு அது தெரியும்.

"போங்க" என்றாள். அழிக்கிற இடத்தை அமுக்கிக்கொண்டே மறுபடி சொன்னாள். "போங்க மாமா."

"நிச்சயமாகவா?" என்று கேட்டான் அவன்.

"நிச்சயமாத்தான்."

அவன் திரும்பி நடந்தான், தெரு முனையில் வளைந்தான். அந்த வளைவில் டவுன் பஸ் ஆரன் அடித்துக்கொண்டு ஊருக்குள் திரும்பியது.

அதற்கப்புறம்தான் அவள் அழுதாள். ஒன்பது வருசமாக, அழுதால் செத்தான் என்று ஆகிவிடுமே என்று பயந்து பயந்து அடக்கிவைத்த அழுகை, வாசல் மண்ணில் உட்கார்ந்து நெஞ்சில் அடித்துக்கொண்டு, என்னைப் பெத்தாரே என்று இழுத்து, கரடு வரைக்கும் கேட்கிற மாதிரி அழுதாள். தெருவெல்லாம் கதவு திறந்தது. பொம்பளைகள் முந்தானையைச் செருகிக்கொண்டு வந்தார்கள். கொடுத்த பேரெல்லாம் இன்னும் முழுசாகத் திரும்பியிருக்கவில்லை, அவள் பேர் அவர்களுக்கு வரவில்லை, அவர்கள் பேர் அவளுக்கு வரவில்லை, ஆனாலும் வந்து வட்டமாக உட்கார்ந்து ஆளுக்கொரு பக்கம் அவளைக் கட்டிக்கொண்டு கூடவே அழுதார்கள். கடைசி வீட்டு மருமகள், கல்யாணமாகி வந்து ரெண்டு மாசம்தான், சொம்பில் தண்ணி கொண்டுவந்து குடிக்கவைத்து, முகத்தைத் துடைத்துவிட்டுக் கேட்டாள்.

"ஆருங்கக்கா தவறிட்டாங்க?"

"என்ற ஊட்டுக்காரருங்க."

"அய்யோ, எப்பங்க?"

"ஒம்போது வருசமாச்சுங்க கண்ணு" என்றாள் சாந்தாமணி.